கூரெக்கை உயர்த்தியது விடத் தெரிந்த மனமே

நடுவர் அம்மா அவர்களே, எதிரணி நண்பர்களே, அரங்கம் நிறைய வந்திருக்கும் வாலிபால் பிரியர்களே, எல்லோருக்கும் வணக்கம்.

இப்போதுதான் வந்து உட்கார்ந்தவர்களுக்காகத் தலைப்பை இன்னொரு முறை சொல்லிவிடுகிறேன். போலந்து வாலிபால் வீரர் பார்தோஷ் கூரெக்கை உயர்த்தியது விடாப்பிடியா, விடத் தெரிந்த மனமா? எனக்கு முன்னால் பேசிய எதிரணி அக்கா, விடாப்பிடிதான் என்று அடித்துச் சொன்னார். 2014-ல் அணியிலிருந்து கழற்றிவிட்டார்கள், 2018-ல் உலக சாம்பியன்ஷிப்பின் சிறந்த வீரர் ஆனார், நடுவில் நாலு வருஷம் பல்லைக் கடித்துக்கொண்டு உழைத்தார், அவ்வளவுதான் கதை என்றார். கைதட்டலும் வாங்கினார், நானும் தட்டினேன், ஏனென்றால் அவர் சொன்ன இரண்டு முனையும் உண்மை. ஆனால் அக்கா, அந்த நாலு வருஷத்தின் நடுப்பகுதியை ஒரே தாவலில் தாண்டிவிட்டீர்கள். நான் அங்கேதான் நிற்கப்போகிறேன்.

முதலில் 2014 எவ்வளவு வலித்திருக்கும் என்பதைச் சொல்லியாக வேண்டும், இல்லாவிட்டால் அவர் எதை விட்டார் என்பது புரியாது. கூரெக்கின் அப்பா ஆதாமும் வாலிபால் வீரர்தான். பிள்ளை தென்மேற்குப் போலந்தில் இருக்கும் நிசா ஊரில் ஆடத் தொடங்கியவன். 20 வயதில் ஸ்க்ரா பெவ்ஹாதூஃப் என்ற பெரிய கிளப்புக்குப் போகிறார், 2009-ல் ஐரோப்பிய சாம்பியன் அணியில் இருக்கிறார், 2012-ல் போலந்து உலக லீக்கை வென்றபோது தொடரின் சிறந்த வீரர் பட்டம் அவருக்கு. அப்போது வயது 23. அப்புறம் மாஸ்கோ, அங்கிருந்து இத்தாலியின் லூபே மச்செராத்தா. 2014 வசந்தத்தில் இத்தாலி லீக் கோப்பையும் அந்த அணிக்குத்தான். அதே வருஷம் கோடையில், சொந்த நாட்டிலேயே உலக சாம்பியன்ஷிப் நடக்கப்போகிற நேரத்தில், பயிற்சியாளர் ஸ்தெஃபான் அந்திகா அவர் பெயரைப் பட்டியலிலிருந்து எடுத்துவிடுகிறார்.

ஆகஸ்ட் 29 கூரெக்கின் பிறந்தநாள். அன்று அவருக்கு 26 முடிகிறது. மறுநாள், ஆகஸ்ட் 30, வார்சாவின் தேசிய மைதானத்தில் 60,000 பேருக்கு மேல் கூடி போலந்து பாட்டைப் பாட, செர்பியாவோடு முதல் ஆட்டம். கால்பந்து மைதானத்தின் நடுவில் வாலிபால் தளம் போட்டு, அத்தனை கூட்டம். செப்டம்பர் 21-ல் கதோவித்சே நகரத்தில் ஸ்போதெக் அரங்கத்தில் பிரேசிலை 3-1 என்று வென்று, 1974-க்குப் பிறகு முதல்முறையாகப் போலந்து உலக சாம்பியன். மரியுஷ் வ்லாஸ்லி சிறந்த வீரர். நாடே கொண்டாடுகிறது, கூரெக் அந்தப் படத்தில் இல்லை. தோற்றிருந்தாலாவது "என்னை எடுத்திருந்தால்" என்று நினைத்து ஆறுதல் பட்டிருக்கலாம். அவர் இல்லாமலே ஜெயித்துவிட்டார்கள், அந்த ஆறுதலும் போய்விட்டது.

இங்கேதான் எதிரணி விடாப்பிடி என்கிறது. சரி, விடாப்பிடிக்காரர் ஒருவர் இந்த இடத்தில் என்ன செய்வார்? அதே இடத்தில் நின்று, அதே ஆட்டத்தை இன்னும் முரட்டுத்தனமாக ஆடி, "பார்த்தாயா" என்று காட்டப் பார்ப்பார். கூரெக் அதைச் செய்யவில்லை. தன் இடத்தையே விட்டார்.

வாலிபால் ஆடியவர்களுக்கு இதன் கனம் தெரியும், ஆடாதவர்களுக்காகக் கொஞ்சம் விளக்குகிறேன். அதுவரை அவர் இடதுபக்க அட்டாக்கர். அந்த இடத்தில் நிற்பவனுக்கு இரட்டை வேலை: எதிரணியின் சர்வீஸைக் கையேந்தி வாங்கி, அடிப்பவர்களுக்குப் பந்தைத் தூக்கிப் போடும் செட்டரிடம் சரியாகக் கொடுக்க வேண்டும், கொடுத்த கையோடு ஓடிப் போய் எகிறி அடிக்கவும் வேண்டும். கூரெக் இரண்டு மீட்டரைத் தாண்டிய உயரம். அந்த உயரத்தை மடக்கிக் குனிந்து, மணிக்கு நூறு கிலோமீட்டருக்கு மேல் வருகிற பந்தை முன்கையில் வாங்குவது எப்போதுமே பாடுதான். எதிரணிகள் சர்வீஸை அவர் மேலேயே குறிவைத்தன. ஒரு பந்து தவறினால் அடுத்து அடிக்கப் போகும்போது மனசு கூடவே வராது, அந்தச் சர்வீஸையே நினைத்துக்கொண்டிருக்கும். இதற்கு நேர் எதிர் மூலையில் இருப்பது ஆப்போசிட் என்ற இடம், செட்டருக்குக் குறுக்கே நிற்பவர். சர்வீஸ் வாங்கும் வேலை பெரும்பாலும் கிடையாது. ஆனால் பந்து கெட்டுப்போய், செட்டர் ஓடிப் பிடித்து வேறு வழியில்லாமல் தூக்கிப் போடுகிறபோது, மூன்று பேர் கையைத் தூக்கி நிற்கும் பிளாக்குக்கு எதிரே போய் அடிக்க வேண்டியது அவர்தான். நொண்டிச் சாக்கு சொல்ல முடியாத இடம்.

வ்லாஸ்லி 2014 தங்கத்தோடு தேசிய அணியிலிருந்து விலகிவிட்டார், ஆப்போசிட் இடம் காலி. 2015-ல் கூரெக்கை அங்கே நிறுத்தியது யார் தெரியுமா? அதே அந்திகா! பிறந்தநாள் நேரத்தில் பெயரை வெட்டிய அதே மனிதர். அவர் கீழேயே, புது இடத்தில், 27 வயதை எட்டும் நேரத்தில் மாணவனைப் போலப் பாடம் தொடங்கினார் கூரெக். உலக லீக்கின் சிறந்த வீரர் என்று பட்டம் வாங்கிய இடத்தை விட வேண்டும், வெட்டியவர் மேல் இருக்கும் கோபத்தையும் விட வேண்டும். இரண்டையும் விட்டார். அந்த ஆண்டு ஜப்பானில் நடந்த உலகக் கோப்பையில் போலந்து 11 ஆட்டத்தில் 10 வென்றது. கடைசி நாள் இத்தாலியிடம் தோற்று மூன்றாம் இடம், நேரடி ஒலிம்பிக் வாய்ப்பு முதல் இரண்டு இடத்துக்கு மட்டும் என்பதால் அது கைநழுவியது. எனக்கு இன்னும் ஆறாத மனக்குறை அந்தத் தொடர்.

அடுத்தது எதிரணி வாயே திறக்காத 2016. தகுதிச் சுற்று ஆடி ரியோவுக்குப் போனார்கள், காலிறுதியில் அமெரிக்காவிடம் 0-3. போலந்து ரசிகர்களுக்குக் காலிறுதி என்பது ஒரு சாபம் போலவே ஆகிவிட்டிருந்தது. 2004 ஏதென்ஸ், 2008 பெய்ஜிங், 2012 லண்டன், 2016 ரியோ, நாலிலும் அதே கட்டத்தில் வீட்டுக்கு. அதில் லண்டனிலும் ரியோவிலும் கூரெக் ஆடியிருக்கிறார். ரியோ முடிந்ததும் அவர் ஜப்பானுக்குப் போக வேண்டும், ஹிரோஷிமாவின் ஜேடி தண்டர்ஸ் கிளப்போடு ஒப்பந்தம் போட்டாயிற்று. போகவில்லை. சீசன் தொடங்கும் முன்பே ஒப்பந்தத்தை முறித்துக்கொண்டார். உடம்பும் களைத்துவிட்டது, மனசும் களைத்துவிட்டது என்பதுதான் காரணம்.

அம்மா, இந்த ஒரு முடிவை நான் 2018 தங்கத்துக்கு மேலே வைப்பேன். நல்ல சம்பளம் தரும் வேலை, 28 வயது, உடம்பு உச்சத்தில் இருக்க வேண்டிய பருவம். அந்த நேரத்தில் ஒரு பெரிய விளையாட்டு வீரர் "முடியவில்லை" என்று வெளியே சொல்வது சாதாரணமா? வலியோடு ஆடினால் வீரம், மனசு ஓய்ந்துவிட்டது என்றால் சாக்கு, இப்படித்தான் விளையாட்டு உலகம் பேசும். எதிரணி இப்போது "அந்த சீசனிலேயே பழைய ஸ்க்ராவுக்கு வந்து ஆடினாரே, அப்புறம் என்ன ஓய்வு?" என்று கேட்கும். கேட்கட்டும். ஓய்வு மாதக் கணக்கில் இல்லை. அந்த ஜப்பான் வேலை தன்னால் ஆகாது என்று ஒத்துக்கொண்டு, பழகிய மண்ணுக்கு, பழகிய ஆட்களிடம் திரும்பி வந்தாரே, அதுதான் ஓய்வு.

உடனே எல்லாம் சரியாகிவிடவும் இல்லை. 2017-ல் போலந்தில் நடந்த ஐரோப்பிய சாம்பியன்ஷிப்பில் ஸ்லோவேனியாவிடம் 0-3 தோற்று வெளியேறினார்கள். அடுத்த சீசனுக்கு அங்காராவின் ஸிராத் வங்கி அணிக்குப் போனார். 2018-ல் பெல்ஜியக்காரர் வித்தால் ஹைனென் பயிற்சியாளராக வந்தார். அந்தச் செப்டம்பரில் இத்தாலியிலும் பல்கேரியாவிலும் உலக சாம்பியன்ஷிப். தூரின் நகரத்தில் அரையிறுதி, அமெரிக்காவோடு ஐந்து செட், 3-2. மறுநாள், செப்டம்பர் 30, இறுதியில் மறுபடி பிரேசில். 28-26, 25-20, 25-23. பந்து கெட்டுப்போன நேரமெல்லாம் செட்டர் பார்த்தது கூரெக்கை. தொடரின் சிறந்த வீரர் அவர். அந்த ஆண்டின் சிறந்த போலந்து விளையாட்டு வீரர் என்ற பட்டமும் வந்தது. இந்தத் தங்கத்தை ஆப்போசிட் கூரெக் வென்றார். 2014-ல் இருந்த இடதுபக்க அட்டாக்கர் பிடித்த பிடியை விடாமல் நின்றிருந்தால், இந்த ஆள் பிறந்தே இருக்க மாட்டார்.

உலக சாம்பியனாகத் திரும்பியவருக்கு அடுத்து கிடைத்ததைப் பாருங்கள். ஷ்செச்சின் நகரத்தில் நட்சத்திரங்களை அள்ளிச் சேர்த்த ஸ்டோச்னியா கிளப், பணம் வராமல் அந்த டிசம்பரிலேயே லீக்கை விட்டு விலகியது. வார்சாவுக்கு மாறினார். 2019-ல் முதுகெலும்பில் அறுவை சிகிச்சை. அதற்கடுத்து இத்தாலியின் மோன்சாவில் ஒரு சீசன். இதையெல்லாம் வேகமாகச் சொல்லிப் போகிறேன், மணி அடிக்க நேரம் நெருங்குகிறது.

ஆனால் 2020-ஐச் சொல்லாமல் இறங்க மாட்டேன். நாலு வருஷத்துக்கு முன் எந்த நாட்டுக்கு "முடியாது" என்றாரோ அந்த ஜப்பானுக்கே போகிறார், நகோயாவின் உல்ஃப்டாக்ஸ் கிளப்புக்கு. 2024 வரை அங்கேயே இருந்தார். 2022-23 சீசனில் அந்த அணி ஜப்பான் லீக்கை வென்றது. பிறகு இளவயதில் ஆடிய கென்ஜெஷின் கோஷ்லே கிளப்பில் ஒரு வருஷம், 2025-ல் மீண்டும் ஜப்பான், இந்த முறை தோக்கியோவுக்கு.

தேசிய அணியிலும் இப்படித்தான். தோக்கியோ ஒலிம்பிக்கில் பிரான்சிடம் 2-3, ஐந்தாவது முறையாகக் காலிறுதியில் வெளியே. 2022-ல் செர்பியர் நிகோலா கிர்பிச் பயிற்சியில் கூரெக் கேப்டன், உலக சாம்பியன்ஷிப் இறுதி அதே கதோவித்சே, அதே ஸ்போதெக் அரங்கம். 2014-ல் அவர் இல்லாமல் தங்கம் வந்த தளத்தில், அவர் கேப்டனாக நின்று இத்தாலியிடம் 1-3 தோற்று வெள்ளி வாங்கினார். அந்த இரவு அவர் கைகளை இடுப்பில் வைத்து நின்றதை நினைத்தால் எனக்கு இப்போதும் தொண்டை அடைக்கிறது. 2023-ல் நேஷன்ஸ் லீக் தங்கம், ஐரோப்பியத் தங்கம். கேப்டனின் உடம்பு ஒத்துழைக்காத கட்டங்களில் அவருடைய ஆப்போசிட் இடத்தில் வூகாஷ் காச்மரெக் இறங்கி அடித்தார். தன் இடத்தில் இன்னொருவன் ஜொலிப்பதைப் பக்கத்தில் நின்று ஊக்கப்படுத்த ஒரு கேப்டனுக்கு எத்தனை பெரிய மனசு வேண்டும்!

2024 பாரிஸ். காலிறுதியில் ஸ்லோவேனியாவை 3-1 என்று வென்றபோது சாபம் உடைந்தது. அரையிறுதியில் அமெரிக்கா 2-1 முன்னிலை, முதுகு வலியால் செட்டர் மார்ச்சின் யானுஷ் வெளியே, பின்னால் நின்று பந்தை வாங்கிக் காக்கும் லிபரோ பாவெல் சதோர்ஸ்கியின் தோளில் அடி, அப்படியும் 3-2 என்று மீண்டார்கள். இறுதியில் பிரான்சிடம் 0-3 தோற்று வெள்ளி. போலந்து ஆண்கள் அணிக்கு 1976 மொன்ட்ரியால் தங்கத்துக்குப் பிறகு 48 வருஷம் கழித்து ஒலிம்பிக் பதக்கம். அதற்கு 19 நாள் கழித்து கூரெக்குக்கு 36 வயது ஆனது. பத்து வருஷத்துக்கு முன்னால் அதே பிறந்தநாளில் அவர் எங்கே இருந்தார் என்பதை இப்போது சொன்னேன்.

மணி அடித்துவிட்டது, அம்மா, ஒரே ஒரு நிமிஷம். எனக்கு அடுத்து எதிரணியிலிருந்து வரும் தம்பி ஒரு கேள்விக்குப் பதில் சொல்லிவிட்டுப் பேச்சை ஆரம்பிக்கட்டும். 2016 ரியோ முடிந்து, களைத்துப்போய், மனசு ஒட்டாமல், விடாப்பிடியாக அந்த ஹிரோஷிமா விமானத்தில் கூரெக் ஏறியிருந்தால், நகோயாவுக்கு மறுபடி விமானம் ஏற ஒரு கூரெக் மிச்சம் இருந்திருப்பாரா?