பத்து வருஷம் நெல்லு நட்டு எடுத்த டாக்குமென்டரி!

[திரையில்: மலைச்சரிவு வயல்கள், மேல மூடுபனி]

ஜப்பான்ல ஒரு டாக்குமென்டரி குழு, படம் எடுக்கப் போன கிராமத்துலயே நாத்து நட்டு, களையெடுத்து, அறுத்து, பத்து வருஷத்துக்கு மேல தங்கிடுச்சு. டைரக்டர் பேரு ஒகாவா ஷின்சுகே.

முன்கதை சுருக்கமா: நரிதா விமான நிலையத்துக்கு நிலம் தர மறுத்த விவசாயிகளோட தங்கி வரிசையா படம் எடுத்தவரு. 1970-கள் நடுவுல யமகதா மாகாணத்துல இருக்குற மகினோ கிராமத்துக்குக் குடிபோனாரு. போதும், விஷயத்துக்கு வருவோம்.

1980-ல வடகிழக்கு ஜப்பான்ல கோடையே குளிர்ந்து போச்சு, விளைச்சல் அடி வாங்குச்சு. பக்கத்துலயே எட்டு வீடு மட்டும் இருந்த ஃபுருயாஷிகிங்கிற ஊரை இவங்க படமாக்குனாங்க. ஒரு வயல் தப்பிக்குது, இன்னொண்ணு பதராப் போகுது. ஏன்? மலைக்காத்து எந்த வழியா இறங்குதுன்னு காட்ட, ஊரையே சின்ன மாடலா செஞ்சு வெண்புகையை ஓடவிட்டாங்க! குளிர்காத்து கனம், சரிவுல வழிஞ்சு, பள்ளத்துல மழைத்தண்ணி மாதிரி தேங்கிடும்.

கதிர் வெளிய வர பத்துப் பன்னெண்டு நாள் முன்னாடி, பயிர் பொதி கட்டியிருக்கும்போது, அதாவது கதிர் இன்னும் தண்டுக்குள்ளயே இருக்கும்போது, அந்தக் குளிர் பட்டா மகரந்தம் மலடாகிடும். கதிர் வரும், ஆனா தலை சாயாது. உள்ள அரிசியே இல்ல. அந்த நேரத்துல வயல்ல 15, 20 செ.மீ. தண்ணி கட்டுவாங்க. ராத்திரிக் காத்தைவிட தண்ணி வெதுவெதுப்பா இருக்கும், தாழ உள்ள இளங்கதிரைக் காப்பாத்தும்.

அடுத்த பெரிய படத்துல நெல்லுப்பூ. எனக்குப் பிடிச்ச இடம் இதுதான், கொஞ்சம் இழுக்கப்போறேன்!

ஒரு பூ திறந்திருக்குறது ஏறக்குறைய ஒரு மணி நேரம், அதுவும் முற்பகல்ல. அதை 16 எம்.எம். கேமராவுல சாதாரண வேகத்துல, அதாவது செகண்டுக்கு 24 பிரேம்னு எடுத்தா 2,160 அடி பிலிம் ஓடும். பத்து செகண்டுக்கு ஒரு பிரேம்னு எடுத்தா 360 பிரேம், வெறும் ஒன்பது அடி. திரையில 15 செகண்ட். அப்போ செலவு பிலிமுக்கு இல்ல, காத்திருக்குறதுக்கு.

நீங்க முயற்சி பண்ணா: கதிரோட நுனிப் பூக்கள்தான் முதல்ல திறக்கும். இன்னைக்குத் திறந்ததுக்குக் கொஞ்சம் கீழ நாளைக்கு லென்ஸை வைங்க. இவ்வளவு கிட்டத்துல சில மில்லிமீட்டர்தான் போகஸ்ல நிக்கும், லேசாக் காத்தடிச்சாலும் ஷாட் காலி. தண்டைக் குச்சியில கட்டி, மூணு பக்கம் மறைப்பு வைங்க. சூடான லைட் வேணாம், பூ வாடிடும். மேகமூட்டம்னா பூ தாமதிக்கும், கேமராவைத் திட்டாதீங்க.

இதைத் தியாகம்னு மட்டும் கொண்டாட மாட்டேன். குழுவுக்குச் சம்பளம் கிடையாது. சமையல் பெரும்பாலும் பெண்கள் தலையிலதான் விழுந்துச்சு. 1992-ல ஒகாவா செத்தப்போ பெரிய கடன் மிச்சம்.

அவரு முன்னின்று தொடங்கிவச்ச யமகதா டாக்குமென்டரி விழா 1989-லேருந்து ரெண்டு வருஷத்துக்கு ஒருமுறை, அக்டோபர்ல நடக்குது. ஆசியப் படங்களுக்கான பிரிவுல அவரு பேர்லயே விருதும் உண்டு. முடிச்ச படம் கையில இருக்குறவங்க விதிமுறையைப் பாருங்க. படம் எதைப் பத்தின்னு கமென்ட்ல சொல்லுங்க!