பாத்திக் விற்று வாங்கிய மண்

(ஓவிய மாணவர்களும் பெற்றோர்களும் கூடியிருந்த ஒரு கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

எல்லோருக்கும் வணக்கம்.

சற்று முன் நான் உள்ளே நுழையும்போது வாசலில் ஒரு அம்மா என்னை நிறுத்தினார்கள். பக்கத்தில் அவர்கள் மகள். "ஐயா, இவ நல்லா படம் போடுறா. ஆனா இது சோறு போடுமா?" என்று கேட்டார்கள். அந்தப் பெண் தலையைக் குனிந்துகொண்டாள். "உள்ளே வந்து உட்காருங்கம்மா, அதைத்தான் பேசப் போகிறேன்" என்றேன். உண்மையில் நான் குறிப்பெடுத்து வந்தது வேறு தலைப்புக்கு. அதை மடித்துப் பைக்குள் வைத்துவிட்டேன்.

அந்த அம்மா கேட்ட அதே கேள்வி, அறுபது ஆண்டுகளுக்கு முன்னால் இதே சென்னையில் ஒரு மனிதரைத் தூங்கவிடாமல் செய்திருக்கிறது. கே.சி.எஸ். பணிக்கர். எழும்பூர் அரசு ஓவியக் கல்லூரியின் முதல்வர். 1850-இல் தொடங்கிய பழைய பள்ளி அது. அதுவரை முதல்வராக இருந்த தேவி பிரசாத் ராய் சௌத்ரி ஓய்வு பெற்ற பிறகு, 1957-இல் பணிக்கர் அந்தப் பொறுப்புக்கு வந்தார்.

சோற்றுக் கவலை அவருக்குப் புதிதல்ல. 1911-இல் கோயம்புத்தூரில் பிறந்தவர். பன்னிரண்டு வயதிலேயே தென்னையும் கால்வாயுமாகக் கேரளக் காட்சிகளை நீர்வண்ணத்தில் வரைந்துகொண்டிருந்த பையன். படிப்புக்குச் சென்னை வந்தார். குடும்பத்தைத் தாங்க வேண்டிய நிலை வந்ததும் படிப்பை விட்டுவிட்டுத் தந்தித் துறையில் வேலைக்குச் சேர்ந்தார். அப்புறம் காப்பீட்டு வேலை. ஓவியப் பள்ளிக்குள் மாணவராக அவர் கால் வைத்தபோது வயது இருபத்தைந்து. இன்றைக்கு இருபத்தைந்து வயதில் ஒருவர் வேலையை விட்டுவிட்டு ஓவியம் படிக்கிறேன் என்றால் நம் வீடுகளில் என்ன நடக்கும் என்று உங்களுக்கே தெரியும்.

முதல்வரான பிறகு அவர் கண்ணெதிரில் ஒன்று திரும்பத் திரும்ப நடந்தது. கல்லூரியில் ஐந்தாறு வருடம் தீயாக வேலை செய்கிற பிள்ளைகள், பட்டயம் வாங்கி வெளியே போனதும் மெல்ல மெல்லத் தூரிகையைக் கீழே வைத்துவிடுகிறார்கள். திறமைக் குறைவு காரணம் இல்லை. அன்றைய சென்னையில் நவீன ஓவியத்தைக் காசு கொடுத்து வாங்குகிறவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். பம்பாய், டெல்லி மாதிரி இங்கே சந்தையே இல்லை. ஆகவே கிடைத்த வேலைக்குப் போனார்கள். சிலருக்கு நல்ல இடம் அமைந்தது. ரெட்டப்ப நாயுடுவும் ஆதிமூலமும் நெசவாளர் சேவை மையத்தில் சேர்ந்தார்கள். துணிக்கு வடிவமைத்துக்கொண்டே தங்கள் ஓவியத்தையும் விடாமல் காப்பாற்றினார்கள். துறையூர்ப் பக்கம் கீரம்பூரிலிருந்து வந்த ஆதிமூலத்தின் கோடுகளைப் பத்திரிகைகள் வழியாகத் தமிழ்நாடே பார்த்தது. ஆனால் எல்லோருக்கும் அப்படி அமையவில்லை.

பணிக்கர் கண்டுபிடித்த வழி மிக எளிமையானது. பாதி நாள் கைத்தொழில், மீதி நாள் ஓவியம். கைத்தொழிலில் வருகிற காசில் சாப்பாடு. யாருக்குப் பிடிக்கும், யார் வாங்குவார்கள் என்ற கவலையே இல்லாமல் வரைவதற்கு மீதி நாள். அரசாங்கத்திடமும் போய் நிற்க வேண்டாம், பணக்காரர் வாசலிலும் நிற்க வேண்டாம். இதற்காக மாணவர்களும் இளம் ஓவியர்களும் சேர்ந்து ஒரு கைவினைச் சங்கம் அமைத்தார்கள். பாத்திக் துணிகள், உலோக வேலை, பீங்கான் என்று பலதும் செய்தார்கள். அதிகம் பேசப்பட்டது பாத்திக்தான்.

பாத்திக் என்றால் சும்மா துணிக்குச் சாயம் போடுவது என்று நினைத்துவிடாதீர்கள். மாணவனாக இருந்தபோது நானும் செய்திருக்கிறேன். தேன்மெழுகையும் பாரபின் மெழுகையும் சேர்த்து அடுப்பில் உருக்க வேண்டும். எந்த இடத்தில் சாயம் ஏறக்கூடாதோ அங்கே மெழுகைத் தீட்ட வேண்டும். மெழுகு ஆறினால் துணிக்குள் இறங்காது, மேலேயே நின்றுவிடும். அதிகம் சூடானால் ஓரம் பரவிக் கோடு கெட்டுவிடும். பிறகு ஆறிய சாயத்தில்தான் முக்க வேண்டும், சூடான சாயம் மெழுகையே உருக்கிவிடும். முதலில் மஞ்சள் போன்ற வெளிர் நிறம். காய்ந்ததும் மஞ்சளாகவே இருக்க வேண்டிய இடத்தில் மறுபடி மெழுகு. அப்புறம் சிவப்பு, அப்புறம் அடர் நிறம். கடைசியில் கொதிநீரில் போட்டு மெழுகை எடுக்கும்போதுதான் நாம் என்ன வரைந்தோம் என்பதே நமக்குத் தெரியும். பாரபின் கூடுதலாக இருந்தால் மெழுகு வெடிக்கும். அந்த வெடிப்புகள் வழியே சாயம் புகுந்து, இலை நரம்பு மாதிரி மெல்லிய கோடுகள் ஓடும். அந்தக் கோடுகளை யாரும் வரையவில்லை, தானாக வந்தவை. என் முதல் துணியில் அதைப் பார்த்தபோது ஏதோ தப்பு செய்துவிட்டோம் என்று பயந்தேன். இன்றைக்கும் அந்தத் துணியைத் தூக்கிப் போட மனமில்லாமல் வைத்திருக்கிறேன்.

இப்படிச் செய்து விற்ற காசைச் சேர்த்துத்தான் அவர்கள் நிலம் வாங்கினார்கள். சென்னைக்குத் தெற்கே, ஈஞ்சம்பாக்கத்தில், கடலை ஒட்டி எட்டுப் பத்து ஏக்கர். 1966-இல் சோழமண்டல ஓவியர் கிராமம் பிறந்தது. இன்று கிழக்குக் கடற்கரைச் சாலையில் கார்கள் பறக்கிற இடம் அது. அன்றைக்கு மணலும் சவுக்கும்தான். முப்பதுக்கு மேற்பட்டவர்கள் கூடினார்கள். தங்கள் வீட்டைத் தாங்களே எழுப்பிக்கொண்டார்கள். சொந்த மனை, சொந்தக் கூரை, கடல்காற்று. ஓர் ஓவியனுக்கு வாடகைக் கவலை இல்லை என்றால் அவன் கையில் எவ்வளவு நேரம் மிஞ்சும் என்று யோசித்துப் பாருங்கள். அரசுக் கல்லூரி முதல்வர் ஒருவர் தன் மாணவர்களுக்குச் சான்றிதழோடு நிற்காமல் நிலமும் வாங்க வழி செய்திருக்கிறார். இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு நிறைந்துவிடும்.

அந்த மண் எத்தனை விதமான வாழ்க்கையைத் தாங்கியது! விஸ்வநாதன் அங்கிருந்து பாரிஸ் போய் அங்கேயே நிலைத்தார். எஸ்.ஜி. வாசுதேவ் பின்னாளில் பெங்களூருக்குப் போனார். சேனாதிபதி அங்கேயே இருந்து கிராமத்தைக் கட்டிக் காத்தார். பணிக்கரின் மகன் நந்தகோபால் உலோகச் சிற்பத்தில் தனக்கென ஒரு பாதை போட்டார்.

எனக்கு முக்கியமானவர் கே. ராமானுஜம். திருவல்லிக்கேணிப் பையன். பேச்சு தடுமாறும், மனநோயின் வேதனையும் இருந்தது. படிப்பு ஏறவில்லை. வெளியுலகம் அவரை ஒன்றுக்கும் ஆகாதவர் என்றுதான் பார்த்தது. பணிக்கர் அவரைக் கல்லூரியில் சேர்த்துக்கொண்டார், பிறகு சோழமண்டலத்திலும் இடம் கொடுத்தார். ராமானுஜத்தின் மைக்கோட்டுப் படங்களை அருகில் நின்று பாருங்கள். மாளிகைகள், கோபுரங்கள், பாம்புகள், இறக்கை முளைத்த உருவங்கள். ஓர் அங்குலம்கூடச் சும்மா விட்டிருக்க மாட்டார். எல்லாம் பொறுமையான, மெல்லிய பேனாக் கோடுகள். அந்தக் கனவு நகரத்துக்குள் தொப்பி போட்ட ஒரு மனிதர் நிற்பார். அது அவரேதான். தெருவில் யாரும் தராத மரியாதையை அந்தக் காகிதத்தில் அவர் தனக்குக் கொடுத்துக்கொண்டார். 1973-இல், முப்பதை ஒட்டிய வயதிலேயே தன் உயிரை மாய்த்துக்கொண்டார். நிலமும் நண்பர்களும் இருந்தும் அவரைக் காப்பாற்ற முடியவில்லை. அதை நான் மறைக்க விரும்பவில்லை. ஆனால் அந்த இடம் இல்லாமல் போயிருந்தால் அந்தப் படங்களும் நமக்குக் கிடைத்திருக்காது என்றே நம்புகிறேன். இங்கே இருக்கிற பிள்ளைகளில் யாருக்காவது மனது கனமாக இருந்தால், தயவுசெய்து பக்கத்தில் இருப்பவரிடம் சொல்லுங்கள். ஆசிரியரிடமோ மருத்துவரிடமோ பேசுங்கள். படம் அப்புறம் போட்டுக்கொள்ளலாம்.

சரி, பிள்ளைகளுக்கு இவ்வளவு செய்த பணிக்கர் தன் ஓவியத்தை விட்டுவிட்டாரா? இல்லை. 1963-இல், ஐம்பதைத் தாண்டிய வயதில், கல்லூரி நிர்வாகம், பாத்திக், நிலத் தேடல் எல்லாவற்றுக்கும் நடுவே, 'சொற்களும் குறியீடுகளும்' என்ற வரிசையைத் தொடங்கினார். தூரத்திலிருந்து பார்த்தால் யாரோ எழுதிவைத்த பழைய ஏடு மாதிரி இருக்கும். மலையாள எழுத்து என்று நினைத்துக் கிட்டே போவோம். படிக்க வராது. எழுத்தின் வளைவு மட்டும் இருக்கும், சொல் இருக்காது. ஜாதகக் கட்டம், கணக்கு வாய்பாடு போன்ற நிரல்கள், ஓரத்தில் ஒரு மீன், ஒரு பறவை. முதன்முதலில் அந்த ஓவியத்தின் முன் நின்றபோது என் பாட்டியின் டிரங்குப் பெட்டியில் இருந்த ஜாதக நோட்டு நினைவுக்கு வந்தது. ஐரோப்பாவில் யாரையும் கேட்காமல், நம் வீட்டு மூலையில் கிடக்கிற ஒரு காகிதத்திலிருந்து நவீன ஓவியத்தை எடுத்துவிட்டார். இறக்கும் வரை, 1977 வரை, அந்த வரிசையை விடவில்லை. சந்தையைப் பார்த்து வரைந்திருந்தால் தென்னையும் கால்வாயும் வரைந்தே காலம் தள்ளியிருக்கலாம். அது நன்றாக விற்கவும் விற்றிருக்கும்.

அம்மா, பின் வரிசையில் இருக்கிறீர்கள், பார்க்கிறேன். ஓவியம் சோறு போடும் என்று உங்களுக்கு நான் சத்தியம் செய்ய மாட்டேன். உங்கள் மகளுக்கு ஓவியத்தோடு ஒரு கைத்தொழிலையும் கற்றுக்கொடுங்கள். பாத்திக் ஆகட்டும், அச்சாகட்டும், கணினியில் வடிவமைப்பாகட்டும். நாளில் பாதியை அதற்குக் கொடுக்கட்டும். மீதிப் பாதியில் அவள் என்ன வரைகிறாள், அது விற்குமா என்று மட்டும் கேட்காதீர்கள். ஈஞ்சம்பாக்கத்தில் சோழமண்டலத்தின் அருங்காட்சியகம் இருக்கிறது. ஒருநாள் அவளைக் கூட்டிக்கொண்டு போங்கள். வழி தெரியாவிட்டால் கூட்டம் முடிந்ததும் என்னிடம் வாருங்கள், எந்தப் பேருந்து என்று எழுதித் தருகிறேன்.