சரளைப் பாதையில் ரெசின் தளம்: பணம் கொடுக்கும் முன் தெரிய வேண்டியவை

[காட்சி: இங்கிலாந்தில் ஒரு வீட்டு வாசல். கார் ஏறி இறங்கும் தடத்தில் சரளைக்கல் விலகி மண் தெரிகிறது.]

டயர் தடத்தில் பள்ளம், ஓரமெல்லாம் களை, நடைபாதை வரை சிதறிய கல். சரளை டிரைவ்வே, அதாவது வாசலில் கார் நிறுத்தும் சரளைப் பாதை, வைத்திருப்பவர்களுக்கு இது பழகிய தொல்லை. ஆனால் அந்தச் சரளைக்கு ஒரு நல்ல குணம் உண்டு: மழை பெய்தால் தண்ணீரை மண்ணுக்குள் விட்டுவிடும். அதற்குப் பதிலாக, ரெசின் என்ற பிசினால் கல்லை ஒட்டிப் புதுத் தளம் போடும்போது அந்தக் குணம் போய்விடக் கூடாது.

2007 கோடையில் இங்கிலாந்தில் பெருவெள்ளம் வந்தது. அடுத்த ஆண்டே, 2008 அக்டோபர் 1 முதல், விதி மாறியது. வீட்டின் முன்பக்கம் 5 சதுர மீட்டருக்கு மேல் தண்ணீர் இறங்காத தளம் போட்டு, மழைநீரைத் தெருவுக்கு விட்டால், உள்ளாட்சியின் திட்ட அனுமதி வாங்க வேண்டும். தண்ணீர் இறங்கும் தளமென்றால் அனுமதி தேவையில்லை.

[காட்சி: மிக்சரில் கல்லும் ரெசினும் கலக்கின்றன. கரணையால் தேய்த்துப் பரப்புகிறார்கள்.]

இங்கேதான் பெயர்க் குழப்பம். ‘ரெசின் பவுண்ட்’ என்றால் கல்லையும் ரெசினையும் கலந்து பரப்புவது. கற்களுக்கு நடுவே இடைவெளி இருக்கும், தண்ணீர் இறங்கும். ‘ரெசின் பாண்டட்’ என்றால் தரையில் ரெசினைப் பூசி மேலே கல்லைத் தூவுவது. தண்ணீர் இறங்காது, நாளாக நாளாகக் கல்லும் உதிரும். விலைச்சீட்டில் எந்தச் சொல் இருக்கிறதென்று ஒன்றுக்கு இரண்டு முறை பாருங்கள்.

சரி, இருக்கிற சரளை மேலேயே போடலாமா? கூடாது. மேலே தெரியும் கல் அடுக்கின் கனம் வழக்கமாக 18 மில்லிமீட்டர்தான். காரைத் தாங்குவது அடித்தளம். உதிரிச் சரளை அசைந்தால் மேலே விரிசல் விடும். அதனால் சரளையை அள்ளிவிட்டுத் தோண்டி, ஜல்லி போட்டு ரோலரால் அழுத்தி, அதன்மேல் தண்ணீர் இறங்கும் வகைத் தார்க்கலவை போட வேண்டும். ஜல்லியிலும் ஏமாறாதீர்கள். ‘டைப் 1’ ஜல்லியில் தூள் அதிகம். அழுத்தியதும் இறுகித் தண்ணீரைத் தடுக்கும். ‘டைப் 3’ கேளுங்கள்.

கலவைக்குச் சூளையில் உலர்த்திய கல்தான் வேண்டும். உங்கள் பழைய சரளை ஆகாது. பாலியூரித்தேன் ரெசினில் ஈரம் பட்டால் நுரைத்து வெளுத்துவிடும். மழை வரும்போலிருந்தால் வேலையைத் தள்ளி வைக்கச் சொல்லுங்கள், எவ்வளவு அவசரமானாலும். அப்புறம், வெயிலில் மஞ்சளாகாத அலிஃபாட்டிக் ரெசின்தானா என்று எழுதி வாங்குங்கள். விலை கூடுதல், ஆனால் வெளிர்நிறக் கல்லுக்கு அது கட்டாயம் வேண்டும்.

[காட்சி: இறுகிய தளத்தில் ஒரு வாளி தண்ணீர் ஊற்றுகிறார்கள்.]

கடைசித் தவணை கொடுப்பதற்கு முன் இதை நீங்களும் செய்யுங்கள். தண்ணீர் குளம்போல நின்றால், ஏன் என்று கேட்டுப் பதில் வாங்கிய பிறகு பணம் கொடுங்கள்.