தலைவாசல் எந்த நாட்டில்?

நேயர்களுக்கு வணக்கம்.

வினாடி வினா நடத்துகிறவன் என்பதால்தான் என்னை இங்கே பேச அழைத்திருக்கிறார்கள். அதனால் நான் அசடு வழிந்த ஒரு கேள்வியிலிருந்தே தொடங்குகிறேன். பல வருடங்களுக்கு முன் ஒரு போட்டியில், ‘ஐரோப்பாவின் மிக உயரமான சிகரம் எது?’ என்று கேட்டேன். என் தாளில் இருந்த விடை மோன் பிளாங்க். முதல் அணி ‘எல்பிரஸ்’ என்றது. தவறு என்று சொல்லி அடுத்த அணிக்குத் தள்ளிவிட்டேன். முதல் அணியிலிருந்து ஒரு பையன் எழுந்தான். ‘சார், காகசஸ் மலைமுகட்டை எல்லையா வச்சா எல்பிரஸ் ஐரோப்பாலதானே சார் இருக்கு?’ எனக்கு வாய் அடைத்துப் போயிற்று. இரண்டு அணிக்கும் மதிப்பெண் கொடுத்து ஒருவழியாகச் சமாளித்தேன்.

பையன் சொன்னது சரிதான். 5,642 மீட்டர் உயரமுள்ள எல்பிரஸ், காகசஸின் முதன்மை முகட்டுக்குச் சற்று வடக்கே நிற்கிறது. முகட்டை எல்லை என்றால் அது ஐரோப்பா. இன்னும் வடக்கே இருக்கும் குமா - மானிச் பள்ளத்தாக்கை எல்லை என்றால் அதே மலை ஆசியாவுக்குப் போய்விடும். 4,800 மீட்டர் சொச்சம் உள்ள மோன் பிளாங்க் முதலிடத்துக்கு வந்துவிடும். எந்தக் கோடு என்பதைக் கேள்வியிலேயே நான் சொல்லியிருக்க வேண்டும்.

சரி, இந்தக் கோட்டை யார் போட்டது? பழைய கிரேக்கர்கள் டான் ஆற்றோடு ஐரோப்பாவை முடித்துக்கொண்டார்கள். அந்தக் கணக்கில் வோல்காவின் கீழ்ப்பகுதி முழுக்க ஆசியா. இப்போது நாம் பள்ளிக்கூடத்தில் படிக்கும் யூரல் மலை எல்லை, ஒரு போர்க்கைதியின் வேலை. ஸ்டிராலன்பெர்க் என்ற சுவீடன் ராணுவ அதிகாரி, 1709இல் பொல்டாவா போரில் ரஷ்யர்களிடம் பிடிபட்டார். சைபீரியாவுக்கு அனுப்பப்பட்டு, பத்து வருடத்துக்கு மேல் அங்கேயே கிடந்தார். சும்மா இருக்கவில்லை, நிலத்தை அளந்தார், வரைந்தார். ஊர் திரும்பி 1730இல் வெளியிட்ட புத்தகத்தில் எல்லையை யூரலுக்கு நகர்த்தினார். ‘அந்த யோசனையைக் கொடுத்ததே நான்தான்’ என்று ததிஷ்சேவ் என்ற ரஷ்யப் புவியியலாளர் பின்னால் உரிமை கொண்டாடினார். தங்களை ஐரோப்பியராகக் காட்டிக்கொள்ள ஆசைப்பட்ட ரஷ்ய அரசவைக்கும் இந்தக் கோடு ரொம்பவே பிடித்துப்போனது.

அந்தப் பையன் புண்ணியத்தில் எனக்கு எல்லைக் கதைகள் மேல் ஒரு கிறுக்கு வந்தது. கடலைத் தொட இரண்டு நாட்டு எல்லையாவது தாண்டியாக வேண்டிய நாடுகள் உலகத்தில் இரண்டே இரண்டுதான் - ஐரோப்பாவில் லிக்டென்ஸ்டைன், ஆசியாவில் உஸ்பெகிஸ்தான். காஸ்பியனைக் கடல் என்று எண்ணாத வரைக்கும்! இது எல்லாரும் கேட்கும் கேள்வி. அதற்குப் பின்னால் இருப்பதைத்தான் யாரும் கேட்பதில்லை. லிக்டென்ஸ்டைன் என்பது ஒரு குடும்பத்தின் பெயர். அந்தக் குடும்பம் 1699இலும் 1712இலும் இரண்டு சின்னப் பிரதேசங்களைக் காசு கொடுத்து வாங்கியது. குடியிருக்க வாங்கவில்லை, புனித ரோமப் பேரரசின் மன்றத்தில் ஓர் இருக்கை கிடைக்கும் என்று வாங்கியது. நாட்டை ஆள்கிற இளவரசர் அங்கே நிரந்தரமாகக் குடியேறியது 1938இல்தான்.

ஒரே ஒரு சொல்லால் நாடு மாறாமல் தப்பித்த ஊரும் உண்டு. 1659இல் பிரான்சும் ஸ்பெயினும் பிரெனீஸ் ஒப்பந்தம் செய்துகொண்டன. அதன் தொடர்ச்சியாக, செர்டான்யா பள்ளத்தாக்கில் 33 கிராமங்களை ஸ்பெயின் விட்டுக்கொடுக்க வேண்டியிருந்தது. ஈவியா மட்டும் போகவில்லை. காரணம், அதற்கு நகரம் என்ற தகுதி முன்பே கிடைத்திருந்தது. ஒப்பந்தத்தில் இருந்ததோ ‘கிராமங்கள்’. இன்றைக்கும் சுற்றிலும் பிரான்ஸ், நடுவில் பன்னிரண்டு சொச்சம் சதுர கிலோமீட்டர் ஸ்பெயின். அதே 1659 ஒப்பந்தம் கையெழுத்தான இடம் பிடாசோவா ஆற்றின் நடுவே உள்ள ஃபெசன்ட் தீவு. பிப்ரவரி முதல் ஜூலை வரை அது ஸ்பெயினுக்கு, ஆகஸ்ட் முதல் ஜனவரி வரை பிரான்சுக்கு. ஆள் குடியில்லாத அந்தத் துண்டு நிலத்தை வருடத்துக்கு இரண்டு தடவை கைமாற்றிக்கொள்கிறார்கள்.

வானொலியில் வரைபடம் காட்ட முடியாது என்பது இப்போதுதான் உறைக்கிறது. அடுத்த ஊருக்கு அது கட்டாயம் வேண்டும். பரவாயில்லை, ஒரு சட்டையில் ஒட்டுப்போட்டு, அந்த ஒட்டின் மேலேயே இன்னொரு ஒட்டுப் போட்டதாக நினைத்துக்கொள்ளுங்கள். அதுதான் பார்லே. நெதர்லாந்து எல்லைக்குள் இருக்கும் ஊர். ஆனால் அதற்குள் 22 துண்டுகள் பெல்ஜியத்துக்குச் சொந்தம். அவற்றில் சிலவற்றுக்குள் மறுபடியும் நெதர்லாந்துத் துண்டுகள் ஏழு. 1198 வாக்கில் பிரபந்த் கோமகனும் பிரேடா பிரபுவும் நிலத்தைப் பங்கு பிரித்துக்கொண்டதில் தொடங்கிய சிக்கல் இது. தெருவில் நடந்தால் தரையில் வெள்ளைச் சிலுவைக் குறிகள் வரிசையாக ஓடும், ஒரு பக்கம் ‘பி’, மறுபக்கம் ‘என்எல்’ என்ற எழுத்துகளோடு. அந்தக் கோடு வீட்டுக்குள் புகுந்து மறுபக்கமாக வெளியே போவதும் உண்டு. அப்படியானால் அந்த வீடு எந்த நாடு? தலைவாசல் எந்த நாட்டில் இருக்கிறதோ அந்த நாடு. கோடு தலைவாசலையே இரண்டாகப் பிளக்கும் ஒரு வீடும் இருக்கிறது. லோவரன் என்ற தெருவில் அதற்கு இரண்டு கதவிலக்கம், பெல்ஜியக் கணக்கில் 2, நெதர்லாந்துக் கணக்கில் 19.

வானொலியில் இருந்துகொண்டு இதைச் சொல்லாமல் விடக் கூடாது. முதல் உலகப் போரில் ஜெர்மனி பெல்ஜியத்தின் பெரும்பகுதியைப் பிடித்துக்கொண்டது. ஆனால் பார்லேயின் பெல்ஜியத் துண்டுகளைத் தொட முடியவில்லை. அங்கே போக நெதர்லாந்தைக் கடக்க வேண்டும்; நெதர்லாந்தோ நடுநிலை நாடு. 1915இல் பெல்ஜியர்கள் அந்தத் துண்டில் ஒரு கம்பியில்லாத் தந்தி நிலையம் அமைத்தார்கள். நெதர்லாந்துக்காரர்கள் என்ன செய்வார்கள்? சுற்றி வேலி போட்டுவிட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்! நூறு வருடம் கழித்து, 2020 மார்ச்சில், கொரோனாவுக்காகப் பெல்ஜியம் கடைகளை மூடச் சொன்னது, நெதர்லாந்து சொல்லவில்லை. அங்கே ஒரு துணிக்கடையில் குறுக்கே நாடா ஒட்டிப் பாதிக் கடையை மூடினார்கள், மீதிப் பாதியில் வியாபாரம் நடந்தது.

கேட்கச் சிரிப்பாக இருக்கிறது. இதே ஒட்டுத்துணி ஆசியாவில் அழவைத்தது.

வங்காளத்தின் வடக்கே கூச் பிகார் சமஸ்தானத்துக்கும் அதை ஒட்டிய ரங்பூருக்கும் நடுவில் சின்னச் சின்னத் துண்டுகளாக நிலங்கள் கலந்து கிடந்தன. ராஜாவும் ரங்பூர் அதிகாரியும் சதுரங்கத்தில் கிராமங்களைப் பந்தயம் வைத்தார்கள் என்று ஒரு கதை உலவுகிறது. நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் கதை. 18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் முகலாயர்களோடு நடந்த சண்டையும் சமாதானமும் விட்டுச்சென்ற மிச்சம்தான் அவை. ராஜாக்கள் காலத்தில் யாருக்கும் பெரிய தொல்லை இல்லை. 1947இல் ரங்பூர் பாகிஸ்தானுக்குப் போனது, 1949இல் கூச் பிகார் இந்தியாவோடு சேர்ந்தது. வயலுக்கு நடுவே போன வரப்பு, நாட்டு எல்லையாகிவிட்டது. பின்னால் வங்கதேசமான மண்ணில் 111 இந்தியத் துண்டுகள், இந்திய மண்ணில் 51 வங்கதேசத் துண்டுகள். அங்குள்ளவர்கள் அவற்றைச் சிட்மஹால் என்றார்கள்.

மொத்தம் 50,000 பேருக்கு மேல். மின்கம்பி அவர்கள் தலைக்கு மேலே ஓடும், வீட்டுக்குள் வராது. தன் நாட்டுக்குப் போக அடுத்த நாட்டைக் கடக்க வேண்டும், அதற்கு விசா வேண்டும். விசா வாங்குகிற அலுவலகத்துக்குப் போகவே முதலில் எல்லை தாண்ட வேண்டும். பிள்ளையைப் பள்ளியில் சேர்க்க, வெளியே குடியிருக்கும் யாரோ ஒருவரைத் தகப்பன் என்று எழுதிக்கொடுத்தவர்கள் உண்டு.

1974இலேயே இந்திரா காந்தியும் முஜிபுர் ரஹ்மானும் இதைத் தீர்க்க ஒப்பந்தம் போட்டார்கள். நடைமுறைக்கு வர 41 வருடம் ஆனது. 2015 ஜூலை 31 நள்ளிரவில் துண்டுகள் கைமாறின. 1947இலிருந்து வருடத்துக்கு ஒன்றாக 68 மெழுகுவர்த்திகளை ஏற்றி வைத்தார்கள் அங்குள்ளவர்கள்.

என் கேள்வி நோட்டில் ஒரு கேள்வி இருந்தது. வங்கதேசத்துக்குள் இந்தியா, அந்த இந்தியாவுக்குள் வங்கதேசம், அதற்குள் மறுபடி ஓர் இந்தியத் துண்டு - உலகத்திலேயே இப்படி ஓரிடம்தான், அதன் பெயர் என்ன? விடை, தஹாலா காக்ராபாரி. ஒரு ஹெக்டேர்கூடத் தேறாத சணல் வயல். உழுதுகொண்டிருந்தவர் பக்கத்தில் குடியிருந்த வங்கதேச விவசாயி. ஆகஸ்ட் முதல் தேதி காலையில், வயல் அதே வயல்தான், ஆனால் சுற்றிலும் வங்கதேசம், நடுவிலும் வங்கதேசம். அன்றைக்கே நோட்டை எடுத்து அந்தக் கேள்வியை அடித்துவிட்டேன்.

வணக்கம்.