மூடுகிற வேலையில்தான் திருட்டு

நடுவர் அவர்களே, மழையில் நனைந்துகொண்டே மும்பை மாட்டுங்காவுக்கு வந்திருக்கும் உறவுகளே, வணக்கம்.

பேரிடரில் அதிக உயிர்களைப் பறிப்பது இயற்கையின் சீற்றமா, மனிதரின் ஊழலா? ஊழல்தான் என்கிறேன் நான். இயற்கை என்று பேசிய எதிரணி அக்கா 2005 ஜூலை 26-ஐ எடுத்தார். நம் மும்பையில், சாந்தாகுரூசில் ஒரே நாளில் 944 மில்லிமீட்டர் மழை, அதற்கு யார் என்ன செய்ய முடியும் என்று கேட்டார். சரி, அந்த மழைக்கு எந்த ஊரும் திணறியிருக்கும். ஆனால் தண்ணீர் வடிய வழி வேண்டாமா அக்கா?

தாராவியில் எங்கள் சாலுக்கு, அதாவது வரிசை வீட்டுக் குடியிருப்புக்குப் பின்னால் ஒரு நாலா, பெரிய வடிகால், ஓடுகிறது. மே மாதம் தூர்வார வருவார்கள். சகதியை அள்ளிக் கரையிலேயே குவித்துவிட்டு, போட்டோ எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். லாரி வராது. ஜூனில் முதல் மழைக்கே அத்தனையும் மறுபடி நாலாவுக்குள். மித்தி ஆற்றில் தூர்வாரியதில் 65 கோடி ரூபாய் முறைகேடு என்று 2025-ல் போலீஸ் வழக்கே பதிவு செய்திருக்கிறது. தண்ணீருக்கு அடியில் எவ்வளவு அள்ளினார்கள் என்று யார் இறங்கிப் பார்ப்பது?

கட்டடமும் அப்படித்தான். என் சித்தப்பா கம்பி கட்டுகிறவர். தூணில் நிற்கும் கம்பிகளைச் சுற்றிக் கட்டுகிற ரிங், அரை அடிக்கு ஒன்று வர வேண்டிய இடத்தில் ஒரு அடிக்கு ஒன்று போதும் என்பார்களாம். மறுநாள் கான்கிரீட் கொட்டி மூடியாகிவிடும். பார்க்க வேண்டியவர் பார்த்ததாகக் கையெழுத்தும் போட்டிருப்பார். அப்புறம் அதைத் திறந்து பார்ப்பது நிலநடுக்கம் ஒன்றுதான்.

2010-ல் ஹைட்டியில் 7.0 அளவு நிலநடுக்கம். ஒரு லட்சத்துக்கும் மேல் இறந்தார்கள். அடுத்த மாதமே சிலியில் 8.8. ஏறக்குறைய 500 மடங்கு ஆற்றல். அங்கே இறந்தவர்கள் சுமார் 500 பேர். ஹைட்டி ஏழை நாடு என்பீர்கள். வறுமையையும் கணக்கில் எடுத்துத்தான் ரோஜர் பில்ஹாம், நிக்கோலஸ் ஆம்பிரேசிஸ் என்ற இரு ஆய்வாளர்கள் 2011-ல் 'நேச்சர்' இதழில் எழுதினார்கள். அதற்கு முந்தைய 30 ஆண்டுகளில் நிலநடுக்கத்தில் கட்டடம் இடிந்து இறந்தவர்களில் 83 சதவீதம் பேர், வருமானத்தை வைத்து எதிர்பார்ப்பதைவிட ஊழல் மிகுந்த ஏழை நாடுகளில் இறந்தார்கள்.

அவ்வளவு தூரம் எதற்கு? மும்ப்ரா நம் லோக்கல் ரயில் போகிற ஊர். 2013 ஏப்ரல் 4 அன்று அங்கே அனுமதியில்லாமல் எழுப்பிய ஏழு மாடிக் கட்டடம் சரிந்தது. 74 பேர் செத்தார்கள், குழந்தைகள் உட்பட. கட்டியவர்களோடு மாநகராட்சி அதிகாரிகளும் போலீஸ்காரர்களும் கைதானார்கள். அன்றைக்கு மழை இல்லை, புயல் இல்லை, பூமி குலுங்கவும் இல்லை. எந்த இயற்கை சீறியது என்று அக்காதான் சொல்ல வேண்டும்.