பத்துத்தூணுக்குப் பக்கத்து வளவு

வணக்கம். மதுரையில் விளக்குத்தூண் பக்கம் ஜவுளி எடுக்கப் போனவர்கள் பத்துத்தூண் சந்துக்குள் நுழையாமல் வந்திருக்க மாட்டீர்கள். கடைகள், மூட்டை இறக்கும் தள்ளுவண்டி, நடுவே அந்தப் பத்துத் தூண்கள். திருமலை நாயக்கர் 1636-இல் கட்டிய அரண்மனையின் மிச்சம் அது. இன்று டிக்கெட் வாங்கிப் பார்க்கிறோமே மஹால், அது பழைய அரண்மனையில் நாலில் ஒரு பங்கு என்பார்கள். பேரன் சொக்கநாதர் தலைநகரைத் திருச்சிக்கு மாற்றியபோது பிரித்துக்கொண்டு போனது கொஞ்சம். காலியான இடத்தில் ஊர் குடியேறிவிட்டது.

நான் வளர்ந்தது அந்தப் பக்கம் ஒரு வளவில். அரண்மனை இல்லை, பயப்படாதீர்கள். ஒரே குடும்பம் வாழ்ந்த பெரிய வீடு. பாகம் பிரிந்து, எங்கள் காலத்தில் ஒன்பது குடித்தனம். எங்களுக்கு வந்தது கூடத்தில் பாதி. நடுவே தட்டி. தட்டி நேராக ஒரு தேக்குத்தூணில் போய் முட்டியதால் தூணும் பாதி எங்களுக்கு, பாதி பக்கத்து வீட்டு அத்தைக்கு. அத்தை தன் பாதிக்கு வெள்ளிக்கிழமை மஞ்சள் குங்குமம் வைப்பார்கள். எங்கள் பாதியில் அப்பாவின் சட்டை தொங்கும். அம்மாவுக்கு அது கடைசிவரை உறுத்தல்.

அந்தத் தூணில் ஆணி இறங்கும், சுவரில் இறங்காது. சுண்ணாம்பும் மணலும் கடுக்காய்த் தண்ணீரும் வெல்லமும் சேர்த்து அரைத்த சாந்து. அப்படிப்பட்ட சுவருக்கு வீட்டுக்காரர் ஒரு வருஷம் சிமென்ட் பூசினார். ஐப்பசி மழை முடிவதற்குள் அப்பளம் மாதிரி உப்பி, தட்டினால் டொக் டொக்கென்றது. தைக்குள் பாளம் பாளமாக விழுந்துவிட்டது. சுண்ணாம்புச் சுவர் ஈரத்தை வாங்கும், திரும்ப வெளியே விடும். மேலே சிமென்ட் போட்டு மூடினால் ஈரம் உள்ளேயே தங்கிச் செங்கலை மாவாக்கும். அதனால் சொல்கிறேன்: பழைய சுவருக்குச் சுண்ணாம்பே பூசுங்கள். கொத்தனார் சிரிப்பார், சிரிக்கட்டும்.

கோட்டைச்சுவர் கதையை விரிவாகச் சொல்ல வந்தேன், ஒலிப்பதிவு அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நேரமாகிவிட்டதென்று கை காட்டுகிறார்கள். சுருக்கமாக: 1840-களில் கலெக்டர் பிளாக்பர்ன் காலத்தில் மதுரைக் கோட்டையை இடித்தார்கள். இடித்து அகழியைத் தூர்த்தவர்களுக்கு அந்த நிலமே கூலி. வேலையை நடத்திய சர்வேயர் மாரட், மேஸ்திரி பெருமாள் பெயரில்தான் மாரட் வீதியும் பெருமாள் மேஸ்திரி வீதியும். விளக்குத்தூண் பிளாக்பர்னின் நினைவாக வைத்தது. வணக்கம்.