மலைவாயில் ஓர் ஏரி

அவையோருக்கு வணக்கம்.

இந்தோனேசியாவின் எரிமலைகள் என்றால் சுமத்ராவின் கெரிஞ்சி, லொம்போக்கின் ரிஞ்சானி, ஜாவாவின் செமெரு என்று உயரமானவற்றைத்தான் முதலில் சொல்வார்கள். மூன்றும் 3,600 மீட்டரைத் தாண்டியவை. நான் பேச வந்தது அதில் பாதி உயரம்கூட இல்லாத கெலூட்டைப் பற்றி. கிழக்கு ஜாவாவில், கெடிரிக்கும் பிளிட்டாருக்கும் நடுவே நிற்கிறது. 1,731 மீட்டர்தான். ஆனால் உச்சியில் குழம்பு கக்கும் அதன் வாய்ப்பள்ளத்தில் தண்ணீர் தேங்கி ஏரி கட்டிக்கொள்ளும்.

மலை வெடித்தால் அந்தத் தண்ணீர் சாம்பலையும் பாறையையும் வாரிக்கொண்டு, கொதிக்கும் சேறாக ஆற்றுவழியே ஊருக்குள் இறங்கும். ஜாவாக்காரர்கள் அதை 'லகார்' என்கிறார்கள். இன்று உலகம் முழுக்க எரிமலை ஆய்வாளர்கள் சொல்வதும் இதே சொல்லைத்தான். அடிபட்ட மக்களின் வாயிலிருந்து அறிவியலுக்குப் போன சொல் அது.

1919 மே மாதத்தில் ஓர் இரவு. ஒரே வெடிப்பில் 5,000 பேருக்கு மேல் மாண்டார்கள். பெரும்பாலோரைக் கொன்றது நெருப்பல்ல, இந்தச் சேறு. அதன்பிறகு டச்சு ஆட்சியாளர்கள் மலையின் விலாவைக் குடைந்து சுரங்கம் போட்டு, ஏரி நீரை வடித்தார்கள். நம் ஏரிக்குக் கலிங்கு வைப்பதில்லையா, அதே யோசனைதான். 1951-இல் மலை வெடித்தபோது சாவு மிகக் குறைவு. ஆனால் அந்த வெடிப்பே சுரங்கத்தைக் கெடுத்து, மலைவாயையும் ஆழமாக்கிவிட்டது. ஏரி மறுபடி பெருத்தது. 1966-இல் 200 பேருக்கு மேல் பலி. அப்புறம் இன்னும் தாழ்வாக ஒரு சுரங்கம் வெட்டினார்கள். 1951-க்கும் 1966-க்கும் இடையே பதினைந்து ஆண்டு இருந்ததே என்று நினைக்கும்போது எனக்கு மனம் ஆறுவதில்லை.

சரி, ஏன் அங்கேயே குடியிருக்கிறார்கள்? சாம்பல் விழுந்த மண் அப்படி விளைகிறது. நெல், கரும்பு, அன்னாசி. அடிவாரத்தில் பெனத்தரான் சிவன் கோயில் நிற்கிறது. அதன் சுவரில் இராமாயணக் காட்சிகளைச் செதுக்கியிருக்கிறார்கள். பல நூறு ஆண்டுகளாக இந்த மலையோடு வாழ்ந்த மக்கள் அவர்கள்.

2014 பிப்ரவரி 13 இரவு, எச்சரிக்கையை உச்சத்துக்கு ஏற்றிய சுமார் ஒன்றரை மணி நேரத்தில் மலை வெடித்தது. தொலைவில் உள்ள போரோபுதூர் பௌத்தக் கோயில்வரை சாம்பல் படிந்தது. ஆனாலும் லட்சத்துக்கு மேற்பட்டோர் ஊர்களைவிட்டு வெளியேறியிருந்ததால், இறந்தவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். அந்தச் சமயம் வாயில் ஏரியும் இல்லை. 2007-இல் உள்ளிருந்து எழும்பிய எரிமலைக் குழம்பு குன்றாக இறுகி, அதை அடைத்திருந்தது. 2014 வெடிப்பு அந்தக் குன்றைத் தூள்தூளாக்கியது.

இப்போது அந்தப் பள்ளத்தில் மறுபடியும் தண்ணீர் தேங்கியிருக்கிறது.